பெண் மகவும் பெற்றோர் நெஞ்சமும்

சென்னையிலிருந்து வடக்கே விஜயவாடாவை நோக்கி ஓடும் இருப்புப் பாதையில், கும்மிடிப்பூண்டியையும் தடாவையும் கடந்து, காளங்கி ஆற்றங்கரையில் அமைந்திருக்கும் சூளூர்பேட்டையை, ஸ்ரீஹரிகோட்டா ராக்கெட் ஏவுதளத்துக்குச் செல்லும் வாயில் என்ற அளவிலேயே உலகம் அறிந்திருக்கிறது. நெடுங்காலம் நெல்லூர் மாவட்டத்தில் இருந்து, 2022-இல் புதிதாக அமைந்த திருப்பதி மாவட்டத்தோடு சேர்ந்த இவ்வூரின் கடைவீதியில், தெலுங்கும் தமிழும் ஒரே வாயில் மாறி மாறி ஒலிக்கும். இரவும் பகலும் சாத்தப்படாத சந்நிதி என்று ஊரார் போற்றும் செங்காளம்மன் கோவிலுக்கு, ராக்கெட் புறப்படுவதற்கு முன் விஞ்ஞானிகளும் வந்து வணங்கிச் செல்வதுண்டு. பெற்றோர் தம் பெண்மக்கள்மீது கொள்ளும் வாத்ஸல்யம் எத்தகையது, அது உடலில் எவ்வாறு ஊற்றெடுக்கிறது என்று ஆராயப் புகும் இந்த அத்தியாயத்துக்காக நாம் முதலில் செல்ல வேண்டிய இடம், ஊருக்கு வடக்கே சுமார் இருபது கிலோமீட்டர் தொலைவில் உள்ள நேலப்பட்டு ஏரி.

ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் வடகிழக்குப் பருவமழை பெய்து ஏரி நிரம்பியதும், நீரில் இடுப்பளவு மூழ்கி நிற்கும் நீர்க்கடம்பு மரங்களின் உச்சியில், புள்ளி அலகுக் கூழைக்கடாக்கள் வந்து கூடு கட்டத் தொடங்குகின்றன. 1976-ஆம் ஆண்டு சரணாலயமாக அறிவிக்கப்பட்ட இந்த ஏரி, தென்னிந்தியாவில் அப்பறவைகள் பெருந்திரளாக இனப்பெருக்கம் செய்யும் இடங்களுள் முக்கியமானது. பெட்டை மூன்று அல்லது நான்கு முட்டைகள் இடுகிறது. ஏறக்குறைய ஒரு மாத காலம் ஆணும் பெட்டையும் முறைவைத்து அடைகாக்கின்றன. பொரித்து வெளிவரும் குஞ்சு இறகின்றி, கண் திறவாமல், தன் தலையைத் தானே நிமிர்த்த வலியின்றிக் கிடக்கிறது. அத்தகைய நிராதரவான உயிர் சில மாதங்களில் சிறகு விரித்து ஏரியைச் சுற்றிப் பறக்கும் வரையில், பழவேற்காடு ஏரிக்கும் கூட்டுக்கும் இடையே ஓயாமல் பறந்து, பிடித்த மீனைத் தொண்டைப் பையில் கொணர்ந்து, குஞ்சு தன் அலகை அந்தப் பைக்குள் நுழைத்து உண்ணும்படி பொறுமையாக நின்று கொடுப்பது தாய் மட்டுமன்று. தந்தையும் சரிபாதிப் பாரம் சுமக்கிறது.

இந்தக் காட்சியில் நம் விஷயத்துக்கு வேண்டியது ஒன்றுண்டு. கூழைக்கடாவின் குஞ்சுகளில் ஆண் எது, பெண் எது என்று புறத்தோற்றத்தால் கண்டறிய இயலாது. பறவை நூலார் இரத்தத்தைச் சோதித்தே தீர்மானிக்க வேண்டியிருக்கிறது. பெற்ற பறவைகளும் அந்தப் பேதத்தைப் பார்த்து மீன் ஊட்டுவதாக யாரும் கண்டதில்லை. எந்தக் குஞ்சு வாயைத் திறந்து முன்வருகிறதோ, அதன் பசியே அவற்றுக்குத் தெரிந்த ஒரே உரிமை.

மனிதன் மட்டும் இவ்விஷயத்தில் ஒரு கணக்கு வைத்துக்கொண்டிருக்கிறான். மகன் வரவு, மகள் செலவு என்ற அந்தக் கணக்கு, பிரகிருதியின் கணக்கோடு ஒத்துப்போகிறதா என்று பார்ப்பது நியாயம். 1930-இல் ஆங்கில விஞ்ஞானி ரொனால்டு ஃபிஷர், உயிரினங்கள் பலவற்றில் ஆணும் பெண்ணும் ஏறக்குறைய சமமாகப் பிறப்பதன் காரணத்தை மிகத் தெளிவாக விளக்கினார். பிறக்கின்ற ஒவ்வோர் உயிருக்கும் ஒரு தந்தையும் ஒரு தாயும் உண்டு. ஆகையால் ஒரு தலைமுறையின் ஆண்கள் அனைவரும் சேர்ந்து அடுத்த தலைமுறைக்கு எவ்வளவு அளிக்கிறார்களோ, பெண்கள் அனைவரும் சேர்ந்து அவ்வளவே அளிக்கிறார்கள். ஏதோ ஒரு காரணத்தால் பெண்கள் குறைந்து போனால், பெண்மக்களைப் பெற்றவர்களுக்கே பேரக் குழந்தைகள் மிகுதியாகக் கிடைக்கும்; அதன் விளைவாகப் பெண் மகவைப் பெறும் இயல்பு பெருகி, தராசு மறுபடியும் நேர்நிலைக்கு வரும். சந்ததி என்ற நெடுங்கணக்கில் மகனுக்குச் செய்த சம்ரக்ஷணையும் மகளுக்குச் செய்த சம்ரக்ஷணையும் ஒரே பெறுமதியுடையவை என்பதே இதன் பொருள்.

மனித இனத்தில் இயல்பாக 1000 ஆண் குழந்தைகளுக்குச் சுமார் 950 பெண் குழந்தைகள் பிறக்கின்றன. 2011-ஆம் ஆண்டின் மக்கட்கணக்கில், இந்தியாவில் ஆறு வயது வரையிலான குழந்தைகளுள் 1000 ஆண்களுக்கு 919 பெண்களே இருந்தார்கள், தமிழ்நாட்டில் 943. இடையே மறைந்தவர்களைப் பிரகிருதி எடுத்துக்கொள்ளவில்லை. சேலத்தில் 1992-இல் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கவும், கருவிலுள்ள சிசு ஆணா பெண்ணா என்று சோதித்துச் சொல்வதைத் தடுக்க 1994-இல் நாடாளுமன்றம் சட்டம் இயற்றவும் நேர்ந்தது, பெற்றோரின் அன்பு இயற்கையிலேயே குறைந்திருந்ததால் அன்று. அந்த அன்பு முளைவிடுவதற்கு முன்பே வழக்கமும் வறுமையும் வரதட்சிணைப் பயமும் அதன் வாயிலை அடைத்துவிட்டதால்தான். முளைவிடும் நேரம் எது என்பதைப் பின்னால் காண்போம்.

பெண்ணையே பெற்றாள் என்று மருமகளைப் பழிக்கும் வழக்கம் நம் வீடுகளில் இன்னும் முற்றாக ஒழியவில்லை. 1905-ஆம் ஆண்டிலேயே இந்தப் பழிக்கு விஞ்ஞானம் முற்றுப்புள்ளி வைத்துவிட்டது. அமெரிக்காவின் வெர்மான்ட் மாநிலத்தில் ஒரு தச்சரின் மகளாகப் பிறந்து, தந்தையின் உழைப்பால் பள்ளிக்கல்வி பெற்று, பின்னர்த் தன் சம்பாத்தியத்தாலேயே மேற்கல்வி கற்ற நெட்டி ஸ்டீவன்ஸ் என்ற அம்மையார், மாவுப்புழு வண்டுகளின் இனச் செல்களை நுண்பெருக்கியில் வைத்து ஆராய்ந்தபோது, ஆண் பூச்சியின் விந்தணுக்களில் பாதி பெரிய குரோமோசோம் ஒன்றையும், மறுபாதி அதற்குப் பதிலாகச் சிறிய குரோமோசோம் ஒன்றையும் சுமப்பதைக் கண்டார். மனிதரிலும் அவ்வாறே; தாயின் முட்டை எப்போதும் எக்ஸ் குரோமோசோமைத்தான் அளிக்கிறது; தந்தையின் அணு எக்ஸைக் கொணர்ந்தால் மகள், ஒய்யைக் கொணர்ந்தால் மகன். பறவைகளில் இது தலைகீழ்: நேலப்பட்டு ஏரியில் குஞ்சின் பாலைத் தீர்மானிப்பது தாய்ப்பறவையின் முட்டை.

தந்தை மகளுக்கு அளிக்கும் அந்த எக்ஸ் குரோமோசோமைப் பற்றி இன்னும் சிறிது சொல்ல வேண்டும். எண்ணூறுக்கு மேற்பட்ட மரபணுக்களைத் தாங்கிய அது, தந்தையிடம் ஒன்றே ஒன்றுதான் இருக்கிறது. அதை அவர் தம் தாயிடமிருந்து பெற்றார். மகனுக்கு அவர் அதைக் கொடுப்பதில்லை. மகளுக்கோ, இரு நுனிகளிலுள்ள சிறு பகுதிகள் நீங்கலாக, ஏறக்குறைய மாற்றமின்றி முழுமையாகவே கொடுத்துவிடுகிறார். ஆகவே, ஒரு பெண் குழந்தை தன் தந்தைவழிப் பாட்டியின் சொத்தில் ஒரு முழுக் குரோமோசோமை, மகன்வழிப் பேரன் ஒருவனுக்கும் கிட்டாத வகையில், தன் உடலின் ஒவ்வொரு செல்லிலும் சுமந்து பிறக்கிறது. மூத்த மகளுக்குத் தந்தையைப் பெற்ற பாட்டியின் பெயரை வைக்கும் நம் குடும்பங்களின் வழக்கம், இந்த உண்மையை அறியாமல் ஏற்பட்டதுதான். இருந்தும் அதைக் காணுந்தோறும் எனக்கு உள்ளம் நிறைகிறது.

தாய்க்கும் மகளுக்கும் உள்ள தொடர்பு இதைவிட ஆழமானது. நம் செல்களுக்குச் சக்தியளிக்கும் மைட்டோகாண்டிரியா என்ற நுண்ணுறுப்புகள் தமக்கெனத் தனியே 37 மரபணுக்களை வைத்திருக்கின்றன. அவை தாயிடமிருந்து எல்லாக் குழந்தைகளுக்கும் வருகின்றன எனினும், அவற்றை அடுத்த தலைமுறைக்கு எடுத்துச் செல்ல வல்லவள் மகள் ஒருத்தியே. அன்றியும், பெண் சிசு தாயின் வயிற்றில் ஐந்து மாதம் நிரம்பும் காலத்தில், அதன் சினைப்பைகளில் அறுபது எழுபது லட்சம் முட்டைச் செல்கள் உருவாகிவிடுகின்றன. பிறக்கும்போது பத்து முதல் இருபது லட்சம் எஞ்சுகின்றன. வாழ்நாள் முழுவதிலும் சுமார் 400 மட்டுமே முதிர்ந்து வெளிப்படுகின்றன. ஆகையால், பெண் மகவைக் கருவில் தாங்கும் தாய், தன் மகளை மட்டும் தாங்குவதில்லை. அம்மகள் ஒருநாள் பெறப்போகும் குழந்தையின் பாதியையும் அதே வயிற்றில் அதே வேளையில் தாங்குகிறாள்.

பிரசவத்தோடு இந்த உறவு உடலளவில் அறுந்துவிடுகிறது என்று நெடுங்காலம் கருதப்பட்டது. 1996-இல் டயானா பியாங்கி என்ற அமெரிக்க மருத்துவரும் அவருடைய குழுவினரும், ஆண் குழந்தையைப் பெற்ற தாய்மாரின் இரத்தத்தில் அக்குழந்தையின் செல்கள் தங்கி வாழ்வதையும், ஒரு தாயிடம் 27 ஆண்டுகளுக்குப் பின்னும் அவை இருந்ததையும் கண்டறிந்தார்கள். ஆண் குழந்தை என்று குறித்துச் சொல்லக் காரணம், தாயின் உடலில் இல்லாத ஒய் குரோமோசோமைத் தேடிப் பிடிப்பது எளிது என்பதே. மகளின் செல்களும் அவ்வாறே தாயிடம் தங்குகின்றன; ஆனால் அவை தாயின் செல்களைப் போலவே இரண்டு எக்ஸ்களை உடையவையாகையால், நுட்பமான வேறு முறைகளால்தான் பிரித்தறிய முடியும். தாயின் உடலில் மகள் அவ்வளவு கலந்துபோய் இருக்கிறாள்.

இனி, உடலின் இந்தத் தொடர்பிலிருந்து அன்பு என்னும் உணர்ச்சிக்கு வருவோம். 1906-இல் ஹென்றி டேல் என்ற ஆங்கிலேயர், மூளையின் அடிப்பாகத்தில் தொங்கும் பிட்யூட்டரி சுரப்பியின் பின்மடலிலிருந்து எடுத்த சாறு கருப்பையைச் சுருங்கச் செய்வதைக் கண்டார். அதிலுள்ள ஆக்ஸிடோஸின் என்ற பொருளின் அமைப்பைத் தெளிந்து, ஒன்பது அமினோ அமிலங்களைக் கோத்து 1953-இல் அதைச் செயற்கையாக ஆக்கிக்காட்டிய வின்சென்ட் டு விக்னோ, 1955-இல் இரசாயனத்துக்கான நோபெல் பரிசு பெற்றார். பிரசவத்தில் கருப்பையை இயக்குவதும், குழந்தை மார்பில் வாய் வைத்ததும் பால் சுரந்து வழியச் செய்வதும் இதுவே. பின்னர், தாய் குழந்தையை இனங்கண்டு அதனிடம் ஒட்டிக்கொள்வதிலும் இதற்குப் பங்கு உண்டு என்பது விலங்குகளிடம் தெளிவாயிற்று. இதனாலேயே சிலர் இதை அன்புத் திரவம் என்று பிரசித்தப்படுத்திவிட்டார்கள். அவ்வாறு சொல்வது மிகை என்பது என் அபிப்பிராயம். ஆக்ஸிடோஸின் கதவைத் திறக்கிறது. உள்ளே வந்து குடியேறுவது நாள்தோறும் நிகழும் ஸ்பரிசமும், குரலும், பராமரிப்பும்.

இந்தப் பராமரிப்பு எவ்வளவு தூரம் செல்ல வல்லது என்பதைக் கனடாவின் மான்ட்ரீல் நகரில், மக்கில் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த மைக்கேல் மீனியும் அவருடைய சகாக்களும் எலிகளைக் கொண்டு செய்த ஆராய்ச்சி காட்டுகிறது. தாய் எலிகளுள் சில, தம் குட்டிகளை மிகுதியாக நக்கிச் சீராட்டும். சில அவ்வளவாகச் செய்வதில்லை. மிகுதியாக நக்கப்பட்ட குட்டிகள் வளர்ந்தபின் அச்சம் குறைந்தவையாக, கலக்கத்திலிருந்து விரைவில் மீள்பவையாக இருந்தன. அவற்றுள் பெண் எலிகள் தாயானபோது, தம் குட்டிகளையும் அவ்வாறே மிகுதியாக நக்கின. இது பிறவிக் குணமோ என்று ஐயுற்ற ஆராய்ச்சியாளர், நக்காத தாய்க்குப் பிறந்த பெண் குட்டியைப் பிறந்த உடனே நக்கும் தாயிடம் மாற்றி வளர்த்துப் பார்த்தார்கள். அந்தப் பெண் எலி, பெற்றவளைப் போலாகாமல் வளர்த்தவளைப் போலவே ஆயிற்று. 1999-இல் வெளியான இந்த முடிவுக்குப் பின், 2004-இல், தாயின் நாக்கு பட்ட குட்டிகளின் மூளையில் ஒரு குறிப்பிட்ட மரபணுவின்மேல் இரசாயன முத்திரைகள் மாறி அமைவதையும் அவர்கள் கண்டார்கள். மரபணுவின் எழுத்து மாறவில்லை. அது வாசிக்கப்படும் விதம் மாறிற்று. தாயின் பரிவு, இரத்தத்தின் வழியே அன்றி ஸ்பரிசத்தின் வழியே, மகளுக்கும் மகளின் மகளுக்கும் சென்று சேர்ந்தது.

எலிகளிடம் கண்டதை அப்படியே மனிதரிடம் ஏற்றிச் சொல்லலாகாது. ஆயினும் இந்த ஆராய்ச்சியைப் படிக்கும்போதெல்லாம் ஆர். எஸ். சுப்பலட்சுமி அம்மையாரின் வரலாறு என் நினைவுக்கு வருகிறது. 1886-இல் பிறந்து, பால்ய விவாகத்தில் சிக்கி, பதினொரு வயதிலேயே கைம்பெண்ணாகிவிட்ட அந்தச் சிறுமியை, அக்காலத்து ஆசாரம் விதித்தபடி இருட்டறையில் முடக்கிவிடாமல், தந்தை சுப்பிரமணிய ஐயரும் தாய் விசாலாட்சியும் சுற்றத்தாரின் வெறுப்பைத் தாங்கிக்கொண்டு படிக்க வைத்தார்கள். 1911-இல் சென்னை மாநிலக் கல்லூரியில் பட்டம் பெற்ற அவர், தாம் ஒரு குழந்தையைப் பெறவில்லை எனினும், தம்மைப்போல் இளமையில் கணவனை இழந்த சிறுமியருக்கு விடுதி அமைத்து, அவர்களுக்கெல்லாம் தாயாக வாழ்ந்தார். ஒரு மகளுக்குப் பெற்றோர் அளித்த பரிவு எத்தனை வீட்டுப் பெண்களுக்குப் போய்ச் சேர்ந்தது!

தாயின் அன்புக்குக் கருப்பையும் முலைப்பாலும் சாட்சி. தந்தையின் அன்புக்கு உடலில் அத்தகைய ஆதாரம் ஒன்றும் இல்லை என்றே பலரும் எண்ணியிருந்தார்கள். அந்த எண்ணம் இந்த நூற்றாண்டில் தகர்ந்துவிட்டது. பிலிப்பைன்ஸ் நாட்டின் செபு நகரில் 624 இளைஞரைச் சில ஆண்டுகள் தொடர்ந்து கவனித்த லீ கெட்லர் என்ற மானிடவியலாரின் குழு, தந்தையானவர்களின் இரத்தத்தில் டெஸ்டாஸ்டிரோன் அளவு வெகுவாகக் குறைந்திருப்பதையும், நாள்தோறும் மூன்று மணி நேரத்துக்கு மேல் குழந்தையைப் பராமரித்தவர்களிடம் அது மிகவும் தாழ்ந்திருப்பதையும் கண்டு, 2011-இல் வெளியிட்டது. வேட்கைக்கும் போட்டிக்கும் உரிய ஹார்மோன், குழந்தையின் முன் தானாகவே அடங்கி வழிவிடுகிறது. இஸ்ரேலில் ரூத் ஃபெல்ட்மன் என்ற அம்மையாரின் ஆராய்ச்சிக் கூடத்தில் 2014-இல் கண்டது இதைவிட வியப்பானது. தாய் இல்லாத வீடுகளில் குழந்தையைத் தாமே வளர்க்கும் தந்தையரின் மூளையில், குழந்தையின் நலத்துக்காக எப்போதும் விழித்திருக்கும் அமிக்டலா என்ற பகுதி, தாய்மாரின் மூளையில் இயங்கும் அளவுக்கு இயங்கிற்று. மற்றத் தந்தையரிடமும், குழந்தையோடு கழித்த நேரம் மிக மிக, மூளையின் அந்தப் பகுதிக்கும் பிறர் மனத்தை உய்த்துணரும் பகுதிக்கும் உள்ள இணைப்பு வலுப்பெற்றிருந்தது. தாய்க்குக் கர்ப்பமும் பிரசவமும் கற்பிப்பதைத் தந்தைக்குக் கைகள் கற்பிக்கின்றன.

மகளைப் பெற்ற தந்தைக்கே சிறப்பாக ஏதேனும் உண்டா என்று கேட்டால், அட்லாண்டா நகரின் எமரி பல்கலைக்கழகத்தில் ஜெனிஃபர் மஸ்காரோவும் ஜேம்ஸ் ரில்லிங்கும் 2017-இல் வெளியிட்ட ஆய்வைச் சுட்டலாம். ஒன்று இரண்டு வயதுக் குழந்தைகளையுடைய 52 தந்தையரின் இடுப்பில் சிறிய ஒலிப்பதிவுக் கருவியைப் பொருத்தி, இரண்டு நாள் அவர்கள் வீட்டில் பேசுவதை இடையிடையே பதிவு செய்தார்கள். மகளையுடைய தந்தையர் குழந்தை அழைத்தால் விரைவில் செவிசாய்த்தார்கள், மிகுதியாகப் பாடினார்கள், துயரம், உடல் ஆகியவற்றைக் குறிக்கும் சொற்களை மிகுதியாகப் பேசினார்கள். மகனையுடையவர்கள் முரட்டு விளையாட்டில் மிகுதியாக ஈடுபட்டார்கள். மகளின் சிரித்த முகத்தைப் படத்தில் கண்டபோது, தந்தையரின் மூளையில் கிளர்ச்சி மிகுந்தது. 52 என்பது சிறு தொகை. அமெரிக்கத் தந்தையரைக் கொண்டு உலகத்துத் தந்தையரை அளந்துவிடக் கூடாது. எனினும், துயரத்தைப் பற்றி மகளோடு பேசும் தந்தை மகனோடும் அவ்வாறு பேசினால் மகனுக்கும் நலமே என்று அந்த ஆராய்ச்சியாளர்களோடு நானும் கருதுகிறேன்.

இங்கே நம் நாட்டு வழக்கம் ஒன்றைப் பற்றிச் சற்று விரிவாகப் பேசுவது அவசியம். சூளூர்பேட்டையிலும் சித்தூரிலும் திருப்பதியிலும், தமிழகம் எங்கணும், சீமந்தமோ வளைகாப்போ முடிந்ததும் பெண் தன் தாய்வீட்டுக்கு வந்துவிடுகிறாள், தலைப்பிரசவம் அங்கேதான், அதன்பின் மூன்று மாதமோ ஐந்து மாதமோ குழந்தையோடு அங்கேயே தங்குகிறாள். இந்த வழக்கத்தின் நன்மை அளவற்றது. இரவில் குழந்தை வீறிடும்போது எழுந்து வாங்கிக்கொள்ளவும், எண்ணெய் தேய்த்துக் காலில் போட்டுக் குளிப்பாட்டவும், சாம்பிராணிப் புகை காட்டவும், பத்தியச் சமையல் ஆக்கிப் போடவும் ஒரு தாய் அருகிலிருக்க, புதுத்தாய் தன் உடலையும் மனத்தையும் தேற்றிக்கொள்கிறாள். பாட்டி, மகள், பேத்தி என்ற மூன்று தலைமுறைப் பெண்கள் ஒரே கூடத்தில் ஒருவரையொருவர் தொட்டுக்கொண்டு வாழும் அந்த மாதங்களில், மான்ட்ரீல் எலிகள் காட்டிய ஸ்பரிசப் பாரம்பரியம் நம் வீடுகளில் நடைபெறுகிறது என்றே சொல்லத் தோன்றுகிறது.

ஆனால் தந்தை? அவர் வேறோர் ஊரில் இருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை வருகிறார், மாமனார் வீட்டுக் கூடத்தில் விருந்தாளியைப்போல் அமர்கிறார், துணியில் சுற்றிய குழந்தையை யாரோ கொணர்ந்து காட்ட, அஞ்சி அஞ்சித் தொட்டுப் பார்த்துவிட்டுத் திரும்புகிறார். நம் தாலாட்டுகளில் மாமன்மாரின் சீர்வரிசை பேசப்படும் அளவுக்குத் தந்தை பேசப்படாததில் வியப்பில்லை. தந்தையின் மூளை பராமரிப்பால்தான் பழகுகிறது என்பது உண்மையானால், அது பழக வேண்டிய முதல் மாதங்களையே நாம் அவரிடமிருந்து பறித்துவிடுகிறோம். அன்பு முளைவிடும் நேரம் என்று முன்பு நான் குறிப்பிட்டது இதைத்தான். பெண் பிறந்ததென்று கேட்டு முகம் வாடிய தகப்பனை, நாலு நாள் அந்தக் குழந்தையைத் தூக்கி வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். துணி மாற்றவும் தோளில் போட்டு ஏப்பம் விடச் செய்யவும் கற்றுக்கொடுங்கள். பின் அவர் பேச்சே வேறாக இருக்கும். தாய்வீட்டுப் பிரசவ வழக்கத்தை விட்டுவிட வேண்டும் என்று நான் கூறவில்லை. அந்த வீட்டில் தந்தைக்கும் ஒரு பாயும், குழந்தையைத் தொட்டு வளர்க்கும் உரிமையும் கொடுக்க வேண்டும் என்றே வற்புறுத்துகிறேன்.

வளர்ந்த மகள் பிரியும் காலம் ஒன்று வருகிறது. மகளைப் பிரிந்த தாயின் புலம்பலைத் தனித்துறையாகவே வகுத்து வைத்துப் பாடியவர்கள் சங்கப் புலவர்கள். இந்தப் பிரிவு பிரகிருதியின் விதியா என்று கேட்டால், அவ்வாறு ஒரே விதி இல்லை. சித்தூர் மாவட்டத்துக் கவுண்டின்யா சரணாலயத்தில், 1980-களில் தமிழகத்திலிருந்தும் கர்நாடகத்திலிருந்தும் வந்து குடியேறிய யானைகளிடம், மகள் ஆயுள் முழுவதும் தாயின் கூட்டத்திலேயே இருக்கிறாள். பருவமெய்தியதும் வெளியேறுகிறவன் மகன். திருமலை மலைச்சாரலில் யாத்திரிகர் கையிலிருந்து பழம் பறிக்கும் நாட்டுக் குரங்குகளிடமும் அப்படியே: பெண் பிறந்த கூட்டத்தில் நிலைக்கிறது, ஆண் வேறு கூட்டம் தேடிப் போகிறது. நமக்கு மிக நெருங்கிய உறவினமான சிம்பன்ஸியிடமோ, இளம் பெண்ணே பிறந்த கூட்டத்தைவிட்டுப் பெரும்பாலும் வெளியேறுகிறது. மகள் பிறர் வீட்டுக்குரியவள் என்பதற்கு இயற்கையின் முத்திரையைத் தேடுகிறவர்களுக்கு அது கிடைக்காது; அது மனிதர் தாமே செய்துகொண்ட ஏற்பாடு. மனிதனுக்கே உரிய சிறப்பு வேறொன்று: கூழைக்கடாவின் பாசம் குஞ்சு பறந்ததும் முடிந்துபோகிறது; நம்முடையதோ மகள் எத்தனை தூரம் சென்றாலும் தொடர்கிறது.

தூரம் செல்ல விடுவதும் அந்தப் பாசத்தின் ஒரு முகமே. செங்கோட்டையில், கணிதம் பயின்றும் உழவையே தொழிலாகக் கொண்ட ஒரு தந்தைக்கு மகளாய்ப் பிறந்த நிகர் ஷாஜி, 1987-இல் தம் விண்வெளிப் பணியைத் தொடங்கிய இடம் சூளூர்பேட்டைக்குக் கிழக்கே பழவேற்காடு ஏரியைக் கடந்து கிடக்கும் ஸ்ரீஹரிகோட்டாதான். 2023 செப்டம்பர் 2-ஆம் தேதி, அவர் திட்ட இயக்குநராக இருந்து உருவாக்கிய ஆதித்யா எல்-1 என்ற சூரிய ஆய்வுக் கலம் அதே தீவிலிருந்து விண்ணேறியது.

அவ்வாறு தொலைவில் இருக்கும் மகளுக்குப் பெற்றோரின் அன்பு எவ்வழியே சென்று சேர்கிறது என்பதையும் விஞ்ஞானம் சோதித்துப் பார்த்திருக்கிறது. 2010-இல் விஸ்கான்ஸின் பல்கலைக்கழகத்தில் லெஸ்லி செல்ட்ஸர் என்ற அம்மையார், ஏழு முதல் பன்னிரண்டு வயதுக்குட்பட்ட 61 சிறுமியரை, அந்நியர் முன் நின்று பேசவும் மனக்கணக்குப் போடவும் செய்து, அவர்கள் கலங்கியிருந்த வேளையில் மூன்று பிரிவாகப் பிரித்தார். ஒரு பிரிவினரைத் தாய்மார் நேரில் வந்து அணைத்துத் தேற்றினார்கள்; இன்னொரு பிரிவினரோடு தொலைபேசியில் மட்டும் பேசினார்கள்; மூன்றாம் பிரிவினர் தாயின் தொடர்பின்றி ஒரு திரைப்படத்தைப் பார்த்தார்கள். தாயைத் தழுவிய சிறுமியரிடம் ஆக்ஸிடோஸின் உயர்ந்து, கலக்கத்துக்குரிய கார்ட்டிஸால் தணிந்தது, எதிர்பார்க்கக் கூடியதே. தாயின் குரலைத் தொலைபேசியில் கேட்டவர்களிடமும் ஏறக்குறைய அதே அளவில் அதே மாறுதல் நிகழ்ந்தது. இரண்டு ஆண்டுகளுக்குப் பின், தாயோடு எழுத்துச் செய்தி மட்டும் பரிமாறிக்கொண்ட சிறுமியரைச் சோதித்தபோது, ஆக்ஸிடோஸின் உயரவில்லை. தாயின் தொடர்பே இல்லாதவர்களைப் போலத்தான் அவர்கள் உடல் இருந்தது. அதே சொற்கள், அதே தாய். குரல் மட்டும் இல்லை.

சூளூர்பேட்டையிலிருந்து விடியற்காலை மின்ரயில் ஏறிச் சென்னையில் கற்கவும் பணிபுரியவும் செல்லும் பெண்களுக்கும், விடுதியில் தங்கிப் படிப்பவர்களுக்கும், மணமாகிக் கடல் கடந்து போனவர்களுக்கும் பெற்றோர் இருக்கிறார்கள். அவர்களிடம் நான் கேட்டுக்கொள்வது இதுதான். சாப்பிட்டாயா என்று கைப்பேசியில் எழுதி அனுப்புவதோடு நிறுத்திவிடாதீர்கள். அழைத்துப் பேசுங்கள். தாயிடம் பேசி முடித்ததும் அப்பா நலமா என்று மகள் கேட்டால், நலம் என்று தாயே சொல்லி முடித்துவிட வேண்டாம். தந்தையும் வாங்கிப் பேசட்டும்.